அறுநூற்று நாற்பதுக்கு நானூற்று எண்பது

என் கையெழுத்து கோணலாக இருக்கும். ஐந்தாம் வகுப்போடு நின்றவன் நான். எங்கே சின்ன ர, எங்கே பெரிய ற என்பது இன்றுவரை எனக்குச் சரியாகப் பிடிபடவில்லை. பிழை இருந்தால் பொறுத்துக்கொள்ள வேண்டும். இருபத்தாறு வருடம் அச்சகத்தில் இருந்தவனுக்கு எழுத்து தெரியாதா என்று கேட்பீர்கள். நான் அச்சடிக்கிறவன் இல்லை, அச்சடித்து வந்ததை வெட்டுகிறவன். கட்டிங் மெஷினில் நிற்பவனுக்கு எழுத்து வேண்டாம், அளவு தெரிந்தால் போதும்.

சிவகாசியில் பட்டாசுப் பெட்டிமேல் ஒட்டும் லேபிள்தான் எங்கள் அச்சகத்தின் முக்கிய வேலை. எனக்கு விஸ்வநத்தத்தில் ஓர் அறை வீடு. தனியாகத்தான் இருக்கிறேன். முப்பது வயதில் ஏழாயிரம்பண்ணைப் பக்கம் பெண் பார்க்கப் போனோம். காப்பி கொடுத்தார்கள், மிக்சர் கொடுத்தார்கள். கேட்டதற்கெல்லாம் தலையாட்டிவிட்டு வந்தேன். "மாப்ளைக்குப் பேச்சு வருமா?" என்று பெண்ணின் பெரியம்மா என் அக்காவிடம் கேட்டாராம். அதோடு முடிந்தது. அதற்குப் பிறகு யாரும் எனக்குப் பெண் பார்க்கவில்லை. பாருங்கள் என்று நானும் கேட்கவில்லை.

இங்கே நான் எழுத வந்தது எங்கள் பாயைப் பற்றி. அச்சகத்தில் நாலு கலர் மெஷின் ஓட்டியவர். ஊரில் பாதிப்பேர் அவரைப் பாய் என்றுதான் கூப்பிடுவார்கள், நானும் அப்படித்தான். என்னைவிட நாலு வயது மூத்தவர். அவர் அடித்துத் தரும் ஷீட்டுகள்தான் என் மெஷினுக்கு வரும். டீக்கு ஒன்றாகப் போவோம். அவர் பேசுவார், நான் கேட்பேன். இருபது வருடமும் இப்படித்தான். அவர் ஒருநாளும் என்னிடம், "ஏன்லே பேச மாட்டேங்குற?" என்று கேட்டதில்லை.

இளவயதில் அவர் கேரம் ஆடினால் எதிரில் உட்கார ஆள் வராது என்பார்கள். பிறகு ஒரு தீபாவளி சீசனில், மெஷினைத் துடைக்கும்போது வலது கை ஆட்காட்டி விரல் ரோலருக்குள் போய்விட்டது. விரல் தப்பியது, ஆனால் மடங்காது. மடங்காத விரலால் ஸ்ட்ரைக்கரைச் சுண்ட முடியாது. கேரம் போர்டு இருக்கிற கடைப்பக்கமே அவர் போகமாட்டார்.

அச்சக ஆபீஸில் புதுக் கம்ப்யூட்டர் வந்தபோது, பழையதை முதலாளி என்னை எடுத்துப்போகச் சொன்னார். குண்டு டிவி போல மானிட்டர். அதில் யாரோ ஏற்றி வைத்த ஒரு கேரம் விளையாட்டு இருந்தது. இரண்டு பேர் மாறிமாறி மவுசைப் பிடித்து ஆடலாம். ஸ்ட்ரைக்கரைக் குறிபார்த்து நிறுத்தி, அழுத்திப் பிடித்து விட வேண்டியதுதான். நான் பாயிடம் சொன்னேன். அடுத்த ஞாயிற்றுக்கிழமை மதியம் வண்டியில் வந்து இறங்கினார். இடது கையால் மவுசைப் பிடித்தார்.

"ஏலே, கேரத்துல நான் போடாத ஆட்டமில்ல. கடைசில எலியப் புடிச்சு உருட்டுற பொழப்பாப் போச்சே!"

முதல் ஆட்டத்திலேயே என்னை ஒன்பது காயில் தோற்கடித்தார். அன்றிலிருந்து எட்டு வருடம், ஞாயிறு மூன்று மணிக்கு வருவார். சாயங்காலத் தொழுகைக்கு அவர் போனில் பாங்கு ஒலிக்கும். கையில் இருக்கும் ஆட்டத்தை அப்படியே விட்டுவிட்டு எழுந்துவிடுவார். வாரத்தில் எனக்கு ஆள் என்று வருவது அந்த ஒன்றரை மணி நேரம்தான். அதற்காக வீட்டைப் பெருக்குவேன். இரண்டு டம்ளர் வைத்திருந்தேன்.

போன பங்குனியில் அந்தக் குண்டு மானிட்டர் புகைந்து செத்துப்போனது. விருதுநகரில் பழைய சாமான் கடை ஒன்றில் தட்டை மானிட்டர் வாங்கிவந்து மாட்டினேன். அகலமானது. விளையாட்டைத் திறந்ததும் பாய் சிரித்துவிட்டார்.

"என்னலே இது, காயெல்லாம் கோழிமுட்டையா இருக்கு? ஆம்லெட் போடவா, ஆட்டம் போடவா?"

உண்மைதான். வட்டம் எதுவும் வட்டமாக இல்லை. போர்டே பக்கவாட்டில் அமுக்கி இழுத்ததுபோல் இருந்தது. அன்றைக்கு ஒரே ஆட்டத்தோடு எழுந்து போய்விட்டார். கலர் மெஷின் ஓட்டுகிறவருக்கு வட்டம் கோணினால் பொறுக்காது, எனக்கும் பொறுக்காது.

அவர் போனதும் என் ஸ்டீல் ஸ்கேலை எடுத்து ஸ்ட்ரைக்கரை அளந்தேன். உயரம் ஒன்பது மில்லி, அகலம் பன்னிரண்டு மில்லி. போர்டை அளந்தேன். அதே கணக்கு. மூன்று இருக்க வேண்டிய இடத்தில் நாலு இருக்கிறது. எல்லாம் ஒரே அளவில் இழுபட்டிருக்கிறது என்றால் கோளாறு காயில் இல்லை, தாளில். திரைதான் இங்கே தாள்.

விளையாட்டின் உள்ளே திரை அளவுகளின் பட்டியல் ஒன்று இருந்தது. அறுநூற்று நாற்பதுக்கு நானூற்று எண்பது, எண்ணூறுக்கு அறுநூறு, ஆயிரத்து இருபத்து நாலுக்கு எழுநூற்று அறுபத்தெட்டு என்று மேலே போய், ஆயிரத்து அறுநூறுக்கு ஆயிரத்து இருநூறில் முடிந்தது. எனக்கு அது பேப்பர் கடைப் பட்டியல் மாதிரியே தெரிந்தது. இருபதுக்கு முப்பது, இருபத்து மூன்றுக்கு முப்பத்தாறு என்று நாங்கள் சொல்வதில்லையா, அதுபோல. எங்கள் தொழிலில் சந்தேகம் வந்தால் பெரிய தாளாக எடுத்துக்கொள்வோம். பெரியதில் அடித்தால் ஓரத்தை வெட்டிக்கொள்ளலாம், சின்னதில் அடித்தால் ஒட்டவைக்க முடியாது. அந்தப் புத்தியில் பட்டியலில் கடைசியில் இருந்த பெரியதை அழுத்தினேன்.

திரை இருண்டுவிட்டது. ஒரு சின்னப் பெட்டி மட்டும், உள்ளே இங்கிலீஷில் ஏதோ எழுதி, கருப்பில் மிதந்து மிதந்து ஓரங்களில் முட்டிக்கொண்டிருந்தது. ஒயரைப் பிடுங்கி மறுபடி போட்டேன். கம்ப்யூட்டர் வந்தது. விளையாட்டைத் திறந்தால் மறுபடியும் அதே கருப்பு. வாங்கிய வாரமே மானிட்டரைக் கெடுத்துவிட்டேன் என்று நினைத்தேன்.

யாரையாவது கேட்க வேண்டும். அச்சகத்தில் டிசைன் செய்யும் ஒரு தங்கச்சி இருக்கிறார். அவரிடம் நேரில் போய்க் கேட்க எனக்கு வாய் வரவில்லை. ஒரு வேஸ்ட் லேபிளின் பின்பக்கத்தில் எழுதி, அவர் சாப்பிடப் போன நேரத்தில் மேசைமேல் வைத்துவிட்டு வந்தேன். மத்தியானம் அவரே என் மெஷினுக்கு வந்துவிட்டார்.

"ஏண்ணே, பத்தடி தூரத்துல இருந்துக்கிட்டு மனுப் போடுறீக? எழுதுனது ஒண்ணும் புரியல, கேரம்ங்கிறது மட்டுந்தான் புரிஞ்சது."

பத்துப்பேர் சிரித்தார்கள். நான் கத்தியைத் துடைத்துக்கொண்டே சொன்னேன். அவர் பொறுமையாகக் கேட்டார். மானிட்டர் கெடவில்லை என்றார். அந்தப் பெரிய அளவு இந்த மானிட்டருக்குக் கொள்ளாது, அதனால்தான் மூடிக்கொண்டது. விளையாட்டு இருக்கும் ஃபோல்டருக்குள் செட்டிங் ஃபைல் ஒன்று இருக்கும், அதைத் திறந்தால் அந்த இரண்டு எண்களும் இருக்கும், மாற்றி எழுதிவிட்டு மூடுங்கள் என்றார். முட்டை மாதிரி இருப்பதற்கு மானிட்டரின் அடியில் இருக்கிற பட்டனை அழுத்தி, நாலுக்கு மூணு என்பதை எடுக்கச் சொன்னார். நாலுக்கு மூணு! ஸ்கேல் சொன்னதும் அதேதான். அன்று சைக்கிளில் வீட்டுக்குப் போகும்போது எனக்குள் நானே அதைச் சொல்லிக்கொண்டு போனேன்.

எண்களை ஆயிரத்து இருபத்து நாலு, எழுநூற்று அறுபத்தெட்டு என்று மாற்றி, பட்டனை அழுத்தி நாலுக்கு மூணை எடுத்தேன். திரையின் இரண்டு பக்கமும் கருப்பு விழுந்து, நடுவில் போர்டு வந்து நின்றது. அளந்தேன். ஸ்ட்ரைக்கர் ஏழுக்கு ஏழு. சரியான வட்டம். கோடெல்லாம் பிளேடால் கீறியதுபோல இருந்தது. ஆனால் போர்டு முன்பைவிடச் சின்னதாகிவிட்டது. எனக்கு அது ஒரு குறையாகத் தோன்றவில்லை.

ஞாயிற்றுக்கிழமை பாய் வந்தார். "வட்டமாயிருச்சே! பரவாயில்லலே, நீயும் இஞ்சினியராயிட்ட" என்று முதுகில் தட்டினார். ஆடத் தொடங்கினார். தலையைத் திரைக்குப் பக்கத்தில் கொண்டுபோனார், பின்னால் இழுத்தார். சுலபமான காயை இரண்டு முறை விட்டார்.

"ரெட்டு எங்கனலே கிடக்கு?"

சிவப்புக் காய் அவர் ஸ்ட்ரைக்கருக்கு நேர் எதிரிலேயே இருந்தது. நான் கையை நீட்டிக் காட்டினேன். அவருக்கு அது பிடிக்கவில்லை.

"தெரியுது, தெரியுது. இந்த மானிட்டரு சரியில்ல. கண்ணு கூசுது."

அடுத்த ஞாயிறு வரவில்லை. மகள் காரியாபட்டியிலிருந்து வந்திருக்கிறாள் என்றார். அதற்கடுத்த ஞாயிறும் வரவில்லை. காரணம் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை. அந்த இரண்டு ஞாயிறும் நானே இரண்டு பக்கமும் ஆடினேன். கருப்புக்கு நான், வெள்ளைக்கு அவர். அவருடைய முறை வரும்போது அவர் நாற்காலியில் மாறி உட்கார்ந்துகொண்டேன். வெட்கமாகத்தான் இருந்தது, ஆனால் பார்க்க யாரும் இல்லை.

இரண்டாவது ஞாயிறு அவர் நாற்காலியில் இருந்தபோது, வியர்வையைத் துடைக்க என் கண்ணாடியைக் கழற்றினேன். போர்டு ஒரு மஞ்சள் கறையாகிவிட்டது. காய் ஒன்றும் தெரியவில்லை. கண்ணாடியை மாட்டாமலே ரெட்டு எங்கே என்று தேடிப் பார்த்தேன்.

மறுநாள் அவர் அடித்த ஷீட்டுகள் எனக்கு வந்தன. ஷீட்டின் ஓரத்தில் ஒரு வட்டமும் அதற்குள் ஒரு கூட்டல் குறியும் இருக்கும். நாலு கலரும் அதில் ஒன்றின்மேல் ஒன்றாக உட்கார்ந்தால் ஒரே வட்டமாகத் தெரியும். விலகினால் இரண்டாகத் தெரியும். மெஷின்காரர் லென்ஸை வைத்து அதைத்தான் பார்த்துக்கொண்டே இருப்பார். அன்று வந்த ஷீட்டுகளில் சிவப்பு ஒரு மயிரிழை விலகியிருந்தது. வேறு யாராக இருந்தாலும் கவனிக்க மாட்டார்கள். பாய் ஷீட்டில் இருபது வருடத்தில் நான் அதைப் பார்த்ததில்லை. வெட்டும்போது அந்த ஓரம் எப்படியும் கழிவில் போய்விடும். வெட்டினேன், கழிவைக் குப்பையில் போட்டேன்.

அப்போதே சொல்லியிருக்க வேண்டும். மெஷின்காரருக்குக் கண்தான் வேலை. "பாய், உங்க கண்ணு" என்று தொடங்கினால் அடுத்து என்ன சொல்வது என்று எனக்குத் தெரியவில்லை. அதற்குப் பதிலாக வீட்டுக்குப் போய் ஃபைலைத் திறந்து எண்களை எண்ணூறு, அறுநூறு என்று மாற்றினேன்.

இதற்குள் அந்தக் கணக்கு எனக்குப் பிடிபட்டிருந்தது. இந்த விளையாட்டில் போர்டின் அளவு மாறாது, அதை வைக்கும் தாள்தான் மாறும். எந்தத் தாளையும் மானிட்டர் தன் உயரத்துக்கு இழுத்துக் காட்டிவிடும். ஆகவே தாளைச் சின்னதாக்கினால் போர்டு பெரியதாகும். கோடுகள் கொஞ்சம் மழுங்கும், அவ்வளவுதான்.

"மானிட்டர்ல கண்ணு கூசுனத சரிபண்ணிட்டேன் பாய், வாங்க" என்று டீக்கடையில் சொன்னேன். வந்தார். ஆடினார். நன்றாகவே ஆடினார். போகும்போது, "இதத்தானலே நான் அன்னிக்கே சொன்னேன், மானிட்டர்தான்னு" என்றார். எனக்கு அன்று இருந்த சந்தோஷத்தைச் சொல்லத் தெரியவில்லை. இரண்டு டம்ளரையும் கழுவிக் கவிழ்த்தேன்.

வைகாசி முழுக்க அப்படியே போனது. ஆனி பிறந்ததும் மறுபடி தலையை முன்னால் கொண்டுபோகத் தொடங்கினார். அந்த வாரமே நான் எண்களை அறுநூற்று நாற்பது, நானூற்று எண்பது ஆக்கினேன். போர்டு மேலிருந்து கீழ்வரை நிறைந்து நின்றது. காயின் விளிம்பெல்லாம் படிக்கட்டு போல உடைந்து தெரிந்தது. பாய் அதைப் பார்க்கவில்லை. அடுத்தடுத்து நாலு காய் போட்டார், ரெட்டையும் போட்டார்.

"பாத்தியாலே! மெடிக்கல்ல ஒரு சொட்டு மருந்து வாங்கி ஊத்துறேன். பதினஞ்சு நாள்தான். கண்ணு எம்புட்டுத் தெளிவாயிருச்சு பாரு. வீட்டுல இவ என்னடான்னா மதுரைக்கு ஆஸ்பத்திரிக்குப் போவோம் போவோம்னு ஒரே நச்சரிப்பு. போனா சும்மா விடுவானா? சர்க்கரை இருக்கு, ஆப்பரேசன் பண்ணுன்னுவான். சீசன் நேரத்துல படுத்துக்கிட முடியுமா?"

அவர் என்னைப் பார்த்து, "என்னலே, சரிதான?" என்று கேட்டார்.

அவர் என்னிடம் பதில் எதிர்பார்த்துக் கேட்ட மிகச் சில கேள்விகளில் அது ஒன்று. மருந்து வேலை செய்யவில்லை பாய், நான்தான் எண்ணை மாற்றினேன் என்று அப்போது சொல்லியிருக்கலாம். சொன்னால் அவர் வருத்தப்படுவார் என்று நினைத்ததாக இத்தனை நாளும் என்னையே சமாதானப்படுத்திக்கொண்டிருந்தேன். அது பாதிதான் உண்மை. மதுரைக்குப் போனால், ஆப்பரேஷன் செய்தால், அவர் வரமாட்டார். எத்தனை ஞாயிறு என்று எனக்குத் தெரியாது. நான் தலையாட்டினேன்.

பட்டியலில் அதற்குக் கீழே வேறு எண் இல்லை.

ஆடிப் பதினெட்டுக்கு அடுத்த வருடக் காலண்டர்களின் மாதிரி ஆல்பம் வெளியாகும் சமயம். அச்சகத்தில் ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்க நேரமில்லை. ஆவணி முதல் வாரத்தில் ஒருநாள் பாயின் மெஷினில் ஓர் ஆர்டர் முழுவதும் நீலம் விலகி ஓடிவிட்டது. இந்த முறை மயிரிழை இல்லை. லேபிளில் இருந்த குழந்தை முகத்துக்கு இரண்டு வாய். என் கத்தியால் வெட்டி மறைக்கிற அளவில் அது இல்லை. சூப்பர்வைசர் ஒரு ஷீட்டை அவர் கையில் கொடுத்து, "இதுல என்ன தெரியுது பாய்?" என்று கேட்டார். கோபமாகக் கேட்கவில்லை. பாய் ஷீட்டை முகத்துக்கு அருகில் பிடித்து ரொம்ப நேரம் பார்த்தார். பிறகு அதை மடித்து மெஷின்மேல் வைத்துவிட்டு, கையைத் துடைத்துக்கொண்டு வெளியே போய் வேப்பமரத்தடியில் நின்றார். நான் என் மெஷினை நிறுத்தவில்லை.

மதுரையில் பார்த்தார்கள். சர்க்கரை கண்ணுக்குள்ளே இருக்கும் நரம்பைக் கெடுத்திருக்கிறதாம். இடது கண் இனி வராது. வலது கண்ணில் இருப்பதைக் காப்பாற்ற லேசர் வைத்தார்கள். முன்னாலேயே வந்திருந்தால் இடதையும் கொஞ்சம் காப்பாற்றியிருக்கலாம் என்று டாக்டர் சொன்னாராம்.

அவர் வீட்டுக்குப் போனேன். பாய் தூங்கிக்கொண்டிருந்தார். அவர் மனைவியை நான் அக்கா என்பேன். அவர்தான் வாசலில் நின்று பேசினார்.

"வாங்க தம்பி, சாப்பிட்டீகளா? அவுக இப்பத்தேன் கண்ணசந்தாக. டாக்டர்கிட்டச் சண்டை தம்பி. 'எனக்குக் கண்ணு நல்லாத்தான் தெரிஞ்சது, ஞாயித்துக்கிழமை ஞாயித்துக்கிழமை கேரம் காயி அம்புட்டும் தெரிஞ்சது, எங்காளு வீட்டுல வந்து கேளுங்க'ங்கிறாக. உங்களத்தேன் சொல்றாக. நானும் அத நம்பித்தேன் பேசாம இருந்துட்டேன்."

நான் தண்ணீர் கூடக் குடிக்காமல் வந்துவிட்டேன்.

வேலையை விட்டார். புரட்டாசியில் இருவரும் காரியாபட்டிக்கு மகள் வீட்டோடு போய்விட்டார்கள். அவருடைய மெஷினில் இப்போது வேறு ஆள். நல்ல ஆள்தான், வட்டமெல்லாம் சரியாக இருக்கிறது. டீக்கு நான் தனியாகப் போகிறேன்.

பாய் இரண்டு தடவை போன் செய்தார். தீபாவளிக்கு மறுநாள் பேசும்போது, "ஏலே, நம்ம போர்டு அப்படியேதான இருக்கு? மாத்திக்கீத்திப்புடாத. அந்த ஒரு மானிட்டர்லதான் எனக்குத் தெளிவாத் தெரிஞ்சது" என்றார். நான் "ம்" என்றேன். அவர் சிரித்துவிட்டு, "ஒரு நாளு வாலே. எனக்குத் தெரியாட்டியும் நீ ஆடு, நான் கேட்டுக்கிட்டு இருக்கேன்" என்றார். அதற்கும் "ம்" என்றேன். வைத்துவிட்டார்.

மாற்றவில்லை. இன்று மத்தியானம் திறந்து பார்த்தேன். கண்ணாடியோடு பார்த்தால் ஒவ்வொரு காயும் செங்கல்லை அடுக்கியதுபோல் இருக்கிறது. கண்ணாடியைக் கழற்றினால்தான் வட்டமாகத் தெரிகிறது.

போனில் இதைச் சொல்ல என்னால் முடியாது. எழுதி எடுத்துக்கொண்டு போய், அவர் மகள் கையில் கொடுத்து வாசிக்கச் சொல்லிவிட்டு, நான் தெருவில் நின்றுகொள்ளலாம் என்றுதான் எழுதத் தொடங்கினேன். மூன்று நாளாக எழுதுகிறேன். 'நீங்கள்' என்று எழுத வரவில்லை, வெளியாளுக்குச் சொல்வதுபோல 'அவர்' என்றே வந்துவிட்டது. இப்போது முதல் பக்கத்திலிருந்து பார்க்கிறேன். லேபிளுக்குப் பின்னால் எழுதியதை அந்த டிசைன் தங்கச்சியால் படிக்க முடியவில்லை, இதை அந்தப் பெண்ணாலும் படிக்க முடியாது. என் எழுத்தைப் படிக்க என்னால்தான் முடியும். அவருக்குப் பக்கத்தில் உட்கார்ந்து, நானே வாய்விட்டு வாசிக்க வேண்டும். முழுவதும் வாசிக்க முக்கால் மணி நேரமாவது ஆகும். அவ்வளவு நேரம் நான் யாரிடமும் பேசியதில்லை.

நாளைக்குக் காலை விருதுநகர் போய் அங்கிருந்து காரியாபட்டிக்கு பஸ். மூன்று மணிக்குள் போய்விடலாம்.

கார்த்திகை ஆறாம் தேதி, சனிக்கிழமை.